தப்பியவன் திருடனே!

ஷெர்லாக் ஹோம்ஸைத் தெரியாதவர்கள் யார்? ஆனால், அவருக்குக் குடும்பத்துக்குள்ளேயே ஒரு போட்டி முளைத்த கதை தெரியுமோ?

ஹோம்ஸைப் படைத்த கானன் டாய்லின் தங்கையை மணந்தவர் ஹார்னங். அவரும் எழுத்தாளர்தாம். மைத்துனர் துப்பறிகிறவரைப் படைத்தார்; மாப்பிள்ளை படைத்ததோ திருடனை! ராஃபில்ஸ் என்ற அந்த ஆசாமி பகலில் கிரிக்கெட் ஆடும் கனவான். இரவிலே நகைத் திருடன். குற்றவாளியைக் கதாநாயகன் ஆக்குவது தகாது என்று டாய்ல் சொல்லிப் பார்த்தார். மாப்பிள்ளை கேட்கவில்லை. 1899-ல் வந்த அந்தப் புத்தகத்தை டாய்லுக்கே சமர்ப்பணமும் செய்துவிட்டார்!

மைத்துனர்மார் இருவரும் தம் கதைகளில் சந்திக்க விடாத இந்த இரண்டு பேரையும் மோத விட்டது டென்மார்க். சந்தைகளில் வேடிக்கை காட்டிப் பிழைத்த ஓலே ஓல்ஸன் என்பவர் 1906-ல் கோபன்ஹேகனில் 'நார்டிஸ்க்' சினிமாக் கம்பெனியைத் தொடங்கினார். பனிக்கரடிதான் அதன் முத்திரை. 1908-ல் அங்கே தயாரான படத்தில் விக்கோ லார்ஸன் டைரக்டர். ஹோம்ஸாக நடித்தவரும் அவரே. ஹோல்கர் மாட்ஸன் ராஃபில்ஸாக வந்தார். படம் ஏறக்குறைய கால் மணி நேரந்தான். தொடர்ந்து மேலும் சில ஹோம்ஸ் படங்கள் வந்தன.

ஆனால், அது மௌனப் படக் காலம். ஹோம்ஸின் பெருமை எல்லாம் மூளையிலும் பேச்சிலும் அல்லவா? யோசிக்கிறவரை எத்தனை நேரம் பார்த்துக்கொண்டிருப்பது? திருடனுக்கு அந்தக் கஷ்டம் இல்லை. அவன் வேஷம் போடுவதும் சுவர் ஏறுவதும் வாய் திறக்காமலே புரியும்!

1911-ல் அதே கம்பெனி 'டாக்டர் கார் எல் ஹாமா' என்ற படத்தை வெளியிட்டது. கதாநாயகன் போக்கிரி டாக்டர். ஆகே ஹெர்டெல் நடித்தார். சொத்துக்கு உரிய பெண்ணுக்கு மருந்து கொடுத்து, செத்தவள் போல் ஆக்கிக் கடத்துகிறான். ஜனங்களுக்கு அவனைப் பிடித்துப் போயிற்று. மறு வருஷமே அவன் தப்பி ஓடுவதாக அடுத்த படம்! 1918 வரை அவன் ஓயவில்லை.

டாய்ல் பயந்தது நடந்தேவிட்டது. அதோடு போகட்டும் என்றால், காலமும் திருடன் கட்சியே சேர்ந்துகொண்டது. லார்ஸனின் ஹோம்ஸ் படங்களில் பெரும்பாலானவை அழிந்துவிட்டன. 1911-ன் போக்கிரி டாக்டரோ டென்மார்க்கில் பத்திரமாக இருக்கிறான்.

எத்தனையோ பேரைத் தேடிப் பிடித்தவர் ஹோம்ஸ். இன்று அவரையே தேட வேண்டியிருக்கிறது!