கடைசி மூன்று அவுட்

2013 ஜூலை 16. நியூயார்க்கின் சிட்டி ஃபீல்ட் மைதானத்தில் பேஸ்பால் ஆல்-ஸ்டார் ஆட்டம், எட்டாவது இன்னிங்ஸ். வேலிக் கதவு திறந்தது. ஒல்லியான, வழுக்கைத் தலை மனிதர் ஒருவர் தலையைச் சற்றுக் குனிந்தபடி மெதுவாக ஓடிவந்தார். பந்து வீசுபவர் மேடேறும்போது அவருக்குப் பின்னால் ஃபீல்டர்கள் அவரவர் இடத்தில் நின்றிருப்பது வழக்கம். அன்று ஒருவரும் இல்லை. சக ஆட்டக்காரர்கள் எல்லோரும் வேண்டுமென்றே பெவிலியனிலேயே தங்கிவிட்டார்கள். விளக்கு வெளிச்சத்தில் பச்சையாய்க் கிடந்த அந்தப் பெரிய மைதானத்தில் மரியானோ ரிவேரா மட்டும் தனியாக நின்றார். இரண்டு அணிகளும் எழுந்து கைதட்டின. அவர் தொப்பியைக் கழற்றி நாலா பக்கமும் திரும்பிக் காட்டினார். என்ன செய்வதென்று தெரியாமல் விழித்தார் என்றும் சொல்லலாம்.

ரிவேராவின் இடம் எட்டாவது இன்னிங்ஸ் அல்ல, கடைசியான ஒன்பதாவது. அவருடைய அணியின் மேலாளர் ஜிம் லேலண்டுக்கு ஒரு பயம் இருந்தது. இரண்டாவதாக பேட் செய்யும் எதிரணி எட்டாவதில் முந்திவிட்டால், ஒன்பதாவதில் அது பேட் செய்யவே தேவையிருக்காது. அந்த ஆண்டோடு விடைபெறும் மனிதர் மேடேறாமலேயே ஆட்டம் முடிந்துவிடும். ஆகவே ஓர் இன்னிங்ஸ் முன்னதாகவே அனுப்பிவிட்டார். மூன்று பேட்டர்கள் வந்தார்கள், மூவரும் அவுட். ஆட்ட நாயகன் விருதும் ரிவேராவுக்கே கிடைத்தது.

கிரிக்கெட் பார்த்து வளர்ந்தவருக்கு இந்தத் தொழிலைச் சொல்லிப் புரியவைப்பது கொஞ்சம் சிரமம். கடைசி ஓவர்களை வீசும் பந்துவீச்சாளர் முதல் ஓவரையும் வீசலாம், நடுவில் ஃபீல்டிங் செய்யலாம், தேவைப்பட்டால் பேட்டும் பிடிக்கலாம். பேஸ்பாலின் ரிலீஃப் பிட்சருக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. ஆட்டம் தொடங்கி இரண்டு மணி நேரம் வரை அவர் ஆட்டத்திலேயே இருக்கமாட்டார். புல்பென் என்று ஒரு பட்டி இருக்கிறது. அங்கே ஏழெட்டுப் பேர் சூரியகாந்தி விதையைக் கொறித்தபடி உட்கார்ந்திருப்பார்கள். சுவரில் ஒரு தொலைபேசி. அது அடித்தால் யாராவது எழுந்து தோளைச் சுழற்ற வேண்டும். சூடேறி நின்ற பிறகு, ‘வேண்டாம், உட்கார்’ என்று மறுபடியும் அடிக்கலாம். அப்படி வீசாமல் போன வீச்சு எந்தப் புள்ளிவிவரத்திலும் ஏறாது. கை மட்டும் தேயும்.

உள்ளே போனாலோ, பெரும்பாலும் இன்னொருவர் விட்டுப்போன குழப்பத்தைத்தான் சரிசெய்ய வேண்டும். வெளியேறிய பிட்சர் அன்று திரும்பி வர முடியாது. ஆட்டத்தின் கடைசி மூன்று அவுட்டை எடுக்க வருபவருக்குத்தான் ‘குளோசர்’ என்று பெயர். கதவைச் சாத்துபவர்.

எந்தச் சிறுவனும் குளோசராக வேண்டும் என்று கனவு காண்பதில்லை. ஆட்டத்தைத் தொடங்கும் ஸ்டார்ட்டராகத்தான் எல்லோரும் ஆசைப்படுவார்கள். அதில் தேறாதவர்கள் புல்பென்னுக்குப் போவார்கள். ரிவேராவும் அப்படிப் போனவர்தான்.

பனாமாவில் புவெர்ட்டோ கைமிட்டோ என்றொரு மீனவ ஊர். ரிவேராவின் தகப்பனார் மீன்பிடிக் கப்பலின் தலைவர். கிழிந்த வலைத் துண்டுகளைச் சுருட்டி டேப் ஒட்டினால் பந்து. மரக்கிளை மட்டை. பால் அட்டைப்பெட்டியை வெட்டி மடக்கினால் கையுறை. பள்ளியை விட்டபின் மத்தி மீன் பிடிக்க அப்பாவுடன் கடலுக்குப் போனார். பத்தொன்பது வயதில் கப்பல் மூழ்கித் தப்பிப் பிழைத்தார். அதற்குமேல் மீன்பிடி வேலையில் மனம் ஒட்டவில்லை.

உள்ளூர் அணியில் அவர் பிட்சரே அல்ல. ஒருநாள் அணியின் பிட்சர் அடிமேல் அடி வாங்கியதால், நான் வீசிப் பார்க்கிறேனே என்று முன்வந்தார். அந்த வீச்சு நியூயார்க் யாங்கீஸ் அணிக்காக ஆள் தேடியவர்களின் காதுக்குப் போனது. 1990 பிப்ரவரியில் மூவாயிரம் டாலருக்கும் குறைவான தொகைக்கு ஒப்பந்தமானார். அமெரிக்கா போய் இறங்கியபோது ஆங்கிலம் தெரியாது.

அடுத்த ஐந்தாண்டுகளை இன்று படித்தால், அவரைக் கைகழுவ அந்த அணி எத்தனை முறை ஆயத்தமாயிருந்தது என்பதுதான் வியப்பாக இருக்கிறது. 1992-இல் முழங்கையில் அறுவை சிகிச்சை. அதே ஆண்டு இரண்டு புதிய அணிகள் உருவாகி, பழைய அணிகள் தம்மோடு நிறுத்திக்கொள்ளாத ஆட்களிலிருந்து பொறுக்கிக்கொண்டன. யாங்கீஸ் ரிவேராவை நிறுத்திக்கொள்ளவில்லை. புதிய அணிகளும் அவரைச் சீண்டவில்லை. 1995 மே 23-இல் ஒருவழியாக முதல் அணிக்காக ஸ்டார்ட்டராக இறங்கி, நான்காவது இன்னிங்ஸைக்கூட முடிக்காமல் ஐந்து ரன் கொடுத்தார். அணி 10–0 என்று தோற்றது. சில வாரங்களில் கீழ்மட்ட அணிக்குத் திருப்பி அனுப்பினார்கள். டெட்ராய்ட் அணியின் டேவிட் வெல்ஸை வாங்கிக்கொண்டு பதிலுக்கு ரிவேராவைத் தள்ளிவிடலாமா என்ற பேச்சும் நடந்தது. அந்த நேரம் பார்த்து வேகமானியில் அவர் பந்து மணிக்கு 95 மைல் என்று காட்டியது. அதுவரை 90-ஐத் தொடுவதே அரிது. கருவி பழுதா என்று பொது மேலாளர் ஜீன் மைக்கேல் விசாரித்துப் பார்த்தார், பழுதில்லை. பேச்சு அத்தோடு நின்றது.

1996-இல் அவருக்குக் கிடைத்தது குளோசர் ஜான் வெட்லேண்டுக்கு முன்னால் வீசும் வேலை. கடையைச் சாத்துபவருக்குப் பலகை எடுத்துக் கொடுக்கும் வேலை என்று வைத்துக்கொள்ளலாம். 107 இன்னிங்ஸுக்கு மேல் வீசி 130 பேரை ஸ்ட்ரைக் அவுட் செய்தார். யாங்கீஸ் பதினெட்டு ஆண்டுகளுக்குப் பிறகு உலகத் தொடரை வென்றது. அடுத்த ஆண்டு வெட்லேண்ட் விலக, சாவி ரிவேராவிடம் வந்தது.

அந்த 1997 ஜூனில்தான் அது நடந்தது. ஆட்டத்துக்கு முன்னால் சக பிட்சர் ராமிரோ மெண்டோசாவுடன் சும்மா பந்து போட்டுப் பிடித்துக்கொண்டிருந்தார். அவரும் பனாமாக்காரர். ‘நேராகப் போடு, ஏன் வளைக்கிறாய்’ என்ற பாணியில் மெண்டோசா எரிச்சலானார். ரிவேரா வளைக்கவே இல்லை. வழக்கம்போலத்தான் பிடித்தார், வழக்கம்போலத்தான் வீசினார். பந்து கடைசி நேரத்தில் தானாக ஒதுங்கியது. இந்தக் கோளாறைப் போக்கப் பயிற்சியாளர் மெல் ஸ்டாட்டில்மயரும் அவரும் மல்லுக்கட்டிப் பார்த்துவிட்டு, கடைசியில் போகிற வழியில் போகட்டும் என்று விட்டுவிட்டார்கள். கட்டர் எனப்படும் அந்த வீச்சை ரிவேரா இன்றுவரை கடவுள் தந்த வரம் என்றே சொல்கிறார்.

வரமோ இல்லையோ, வேலை நறுக்கென்று இருந்தது. பிட்சருக்கும் பேட்டருக்கும் இடையே 60 அடி 6 அங்குலம். பந்து வந்து சேர அரை வினாடிகூட ஆகாது. பேட்டர் பாதி வழியிலேயே முடிவெடுத்து மட்டையை வீசத் தொடங்கிவிடுவார். ரிவேராவின் பந்து அதுவரை நேராகவே வரும். பிறகு சில அங்குலம் மட்டும், இடதுகை பேட்டராக இருந்தால், உள்ளே அவர் கைகளை நோக்கி நகரும். மட்டையின் தடித்த பகுதியில் பட வேண்டிய பந்து கைப்பிடிக்கு மேலே மெலிந்த இடத்தில் படும். மட்டை ஒடியும். 1999 உலகத் தொடரில் அட்லாண்டாவின் ரயான் கிளெஸ்கோ ஒரே முறை பேட் செய்ய வந்து மூன்று மட்டைகளை ஒடித்துக்கொண்டார். அவருடைய அணிக்காரர்களே சிரிப்பை அடக்க முடியாமல் உட்கார்ந்திருந்தார்கள். இரு கையாலும் ஆடத் தெரிந்த சிலர், வழக்கத்துக்கு மாறாக, ரிவேராவின் வலது கைக்கு எதிரே வலது கையாலேயே ஆடிப் பார்த்தார்கள். என்ன வரப்போகிறது என்று மைதானம் முழுவதற்கும் தெரியும். அதையேதான் வீசினார், ஏறக்குறைய பதினாறு ஆண்டுகள்.

குளோசரின் மதிப்பெண்ணுக்கு ‘சேவ்’ என்று பெயர். ஜெரோம் ஹோல்ட்ஸ்மன் என்ற சிகாகோ பத்திரிகையாளர் உருவாக்கியது, 1969-இல் அதிகாரபூர்வமானது. அணி அதிகபட்சம் மூன்று ரன் முன்னிலையில் இருக்கும்போது வந்து, ஒரு இன்னிங்ஸ் வீசி, வெற்றியோடு முடித்தால் ஒரு சேவ். அளக்க வந்த கோல் ஆட்டத்தையே தன் அளவுக்கு வெட்டிக்கொண்டது. முன்பெல்லாம் ரோலி ஃபிங்கர்ஸ், கூஸ் காசேஜ் போன்றவர்கள் ஏழாவது இன்னிங்ஸிலேயே நெருப்புக்குள் இறங்கி இரண்டு, மூன்று இன்னிங்ஸ் வீசுவார்கள். 1980-களின் முடிவில் ஓக்லாண்ட் அணியில் டென்னிஸ் எக்கர்ஸ்லி ஒன்பதாவதுக்கென்றே ஒதுக்கப்பட, எல்லா அணிகளும் அதைப் பிடித்துக்கொண்டன. ஏழாவதில் ஆட்டம் கைநழுவிக்கொண்டிருக்கும். அணியின் சிறந்த கை, மூன்று ரன் மெத்தை கிடைக்கட்டும் என்று புல்பென்னில் காத்திருக்கும். இதை விவேகம் என்று சொல்ல இந்தப் பத்திக்கு மனம் வரவில்லை.

ஆகவே ரிவேராவின் 652 சேவ்களில், யார் வீசியிருந்தாலும் கிடைத்திருக்கக்கூடியவை கணிசமாக இருக்கும். அவரை எடைபோட அக்டோபரின் நாக்-அவுட் ஆட்டங்களுக்குப் போக வேண்டும். தோற்றால் வீடு என்ற நிலையில் மேலாளர் ஜோ டோரி புள்ளிவிவரத்தைப் பார்க்காமல் அவரை எட்டாவதிலேயே அழைத்தார், பலமுறை இரண்டு இன்னிங்ஸ் வீசச் சொன்னார். பதினாறு அக்டோபர்களில் 141 இன்னிங்ஸ்; அவர் கணக்கில் ஏறிய ரன்கள் மொத்தம் 11. நிலவில் நடந்தவர்களே அதைவிட ஒருவர் அதிகம் என்று அமெரிக்கர்கள் சொல்லிச் சிரிப்பார்கள்.

புல்பென்னில் எல்லோரும் குளோசராவதில்லை. இடதுகைக்காரர் ஜெஸ்ஸி ஒரோஸ்கோ ஒன்பது அணிகளுக்கு மூட்டை தூக்கி, 46 வயதுவரை 1,252 ஆட்டங்களில் வீசினார்; பெரிய லீகில் வேறெந்தப் பிட்சரும் இத்தனை ஆட்டம் ஆடியதில்லை. கடைசிக் காலத்தில் பல நாள் அவருக்கு வேலை ஒரே ஒரு இடதுகை பேட்டர்தான். அவரை முடித்துவிட்டுக் குளிக்கப் போய்விடலாம். 2003-இல் சில வாரம் ரிவேராவோடு ஒரே பட்டியிலும் உட்கார்ந்திருந்தார். வருபவர் குறைந்தது மூன்று பேட்டருக்காவது வீச வேண்டும், அல்லது அந்த இன்னிங்ஸை முடிக்க வேண்டும் என்று 2020-இல் விதி வந்தது. அந்தப் பிழைப்பு அத்தோடு போயிற்று.

இந்தத் தொழிலில் சாத்திய கதவுகளை ஊர் மறந்துவிடும், திறந்துபோன ஒன்றை மறக்காது. 1986-இல் கலிஃபோர்னியா ஏஞ்சல்ஸ் முதன்முறையாக உலகத் தொடருக்குப் போக ஒரே ஒரு ஸ்ட்ரைக் பாக்கி. குளோசர் டோனி மூர் வீசிய பந்தை டேவ் ஹெண்டர்சன் ஹோம் ரன்னாக்கினார். சொந்த ஊர் ரசிகர்கள் அதற்குப் பிறகு மூரைப் பார்த்தாலே கூச்சலிட்டார்கள். உடல் உபாதை, குடும்பத் தகராறு என்று வேறு சுமைகளும் சேர, 1989-இல் தன் 35-ஆம் வயதில் அவர் உயிரை மாய்த்துக்கொண்டார்.

ரிவேராவுக்கும் அப்படியொரு இரவு வாய்த்தது. 2001 நவம்பர் 4, அரிசோனா, உலகத் தொடரின் ஏழாவது ஆட்டம். இரட்டைக் கோபுரங்கள் விழுந்து எட்டு வாரம்கூட ஆகவில்லை. நியூயார்க்குக்கு அந்தக் கோப்பை வெறும் கோப்பையாக இல்லை. 2–1 என்று யாங்கீஸ் முன்னிலை. எட்டாவதில் மூவரை ஸ்ட்ரைக் அவுட் செய்தார். ஒன்பதாவதில் ஒரு சிங்கிள். அடுத்து மெல்லத் தட்டிவிட்ட பந்தைப் பாய்ந்தெடுத்து இரண்டாம் பேஸுக்கு எறிந்தார். குறி தவறி மைதானத்துக்குள் ஓடியது. பிறகு வந்த ஓர் அடியில் ஆட்டம் சமன். கடைசியில் லூயிஸ் கோன்சாலஸ். அதே கட்டர், அதே மாதிரி மட்டையின் கழுத்தில் பட்டது. நொண்டியடித்து மேலெழுந்த பந்து, ரன்னைத் தடுக்க முன்னால் வந்து நின்ற சக வீரர் டெரெக் ஜீட்டரின் தலைக்குச் சற்றுப் பின்னால் புல்லில் விழுந்தது. சரியாக வீசிய பந்துக்குத் தோல்வி.

வென்றிருந்தால் நியூயார்க்கில் ஊர்வலம் நடந்திருக்கும். அதற்காகத் தங்கிவிட்டு, டொமினிக்கன் குடியரசிலுள்ள தன் ஊருக்குப் போக அணி வீரர் என்ரிக்கே வில்சன் நவம்பர் 12 விமானத்தில் இடம் போட்டு வைத்திருந்தார். ஊர்வலம் இல்லையென்றானதும் முன்னதாகவே கிளம்பிவிட்டார். அந்த 587 எண் விமானம் குவீன்ஸ் பகுதியில் விழுந்து, உள்ளே இருந்த 260 பேரும் இறந்தார்கள். தோற்றதே நல்லதாயிற்று, நண்பன் மிஞ்சினானே என்று ரிவேரா பிறகு சொன்னார்.

2004-இல் பாஸ்டன் அணி அவர் கையிலிருந்து ஓர் ஆட்டத்தைப் பிடுங்கி, 86 ஆண்டுகளுக்குப் பிறகு கோப்பையையும் வென்றது. அடுத்த ஏப்ரலில் அதே பாஸ்டன் மைதானத்தில் ரிவேராவின் பெயரை அறிவித்ததும் அரங்கமே எழுந்து ஆரவாரம் செய்தது. நையாண்டிதான். ரிவேரா சிரித்துவிட்டார்.

2012 மே மாதம் கான்சஸ் சிட்டியில் முழங்கால் தசைநார் அறுந்து அவர் விழுந்தது ஆட்டத்தில் அல்ல. பயிற்சியில் மற்றவர்கள் தூக்கியடிக்கும் பந்துகளை எல்லையோரம் ஓடிப் பிடிப்பது அவருக்குச் சின்ன வயதிலிருந்தே ஆசை. 42 வயதிலும் விடவில்லை. இத்தோடு முடிந்தது என்று எல்லோரும் எழுதத் தயாரானபோது, திரும்பி வருவேன் என்று மறுநாளே சொன்னார். வந்தார். 2013-இல் போன ஊரிலெல்லாம் அந்தந்த மைதானத்தின் புல் வெட்டுபவர்கள், டிக்கெட் கிழிப்பவர்கள், சமையற்கட்டு ஆட்கள் ஆகியோரை உட்காரவைத்துப் பேசி நன்றி சொன்னார். மினசோட்டா அணி அவருக்கு ஓர் ஆடும் நாற்காலி பரிசளித்தது. முழுக்க ஒடிந்த மட்டைகளால் செய்தது.

செப்டம்பர் 26 அன்று யாங்கீ மைதானத்தில் கடைசி முறையாக மேடேறியபோது அணி 4–0 என்று பின்தங்கியிருந்தது. காப்பாற்ற முன்னிலையும் இல்லை, சாத்தக் கதவும் இல்லை. நான்கு பேட்டர்களையும் அவுட்டாக்கினார். இன்னும் ஒரு அவுட் பாக்கியிருக்கும்போது, அவரை மாற்ற மேலாளர் வரவில்லை. இருபது ஆண்டுத் தோழர்கள் ஜீட்டரும் ஆண்டி பெட்டிட்டும் பந்தை வாங்கிக்கொள்ளச் சிரித்தபடி நடந்து வந்தார்கள். பெட்டிட்டின் தோளில் முகத்தைப் புதைத்து ரிவேரா வெகுநேரம் அழுதார்.

அந்தக் கடைசி அவுட்டை வேறொருவர் எடுத்தார். ஆட்டம் தோல்வியில் முடிந்தது. எல்லோரும் உள்ளே போனபின் ரிவேரா பெஞ்சில் கொஞ்ச நேரம் தனியாக உட்கார்ந்திருந்தார். பிறகு எழுந்து மறுபடியும் மேட்டுக்குப் போனார். காலால் மண்ணைக் கிளறி, குனிந்து ஒரு பிடி அள்ளிக்கொண்டு, திரும்பி நடந்தார்.