ஆண் குரல் உச்சத்துக்கு ஏறினால் சிரிப்பதா?

தூத்துக்குடியிலிருந்து திருச்செந்தூர் போகும் சாலையில் இருக்கிறது ஆத்தூர். தாமிரபரணி பாயும் ஊர். வெற்றிலைக்குப் பெயர் பெற்ற ஊர். 2023-ம் ஆண்டில் அந்த வெற்றிலைக்குப் புவிசார் குறியீடும் கிடைத்துவிட்டது.

அந்த வட்டாரத்தில் ஒரு கோவில் கொடை. மேடையில் ஒரு வாலிபன் பாடினான். மீசை அரும்பிய முகம். குரலோ கோபுரத்துக்கு மேலே போயிற்று. அப்போது கூட்டத்தில் ஒருவர், "என்னல இது, பொம்பளை மாதிரி பாடுதான்!" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். பையன் அடுத்த பாட்டைப் பாடவில்லை. இறங்கிப் போய்விட்டான்.

சிரித்தவர்களை ஒன்று கேட்கிறேன். கிட்டப்பாவை மறந்துவிட்டீர்களா?

செங்கோட்டையில் 1906-ல் பிறந்தவர் எஸ்.ஜி.கிட்டப்பா. சிறு பிள்ளையாக நாடக மேடை ஏறியவர். அவருக்கும் அண்ணன் தம்பிகளுக்கும் பயிற்சி கொடுத்தவர் யார் தெரியுமா? இந்தத் தூத்துக்குடிச் சீமையில், காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்த சங்கரதாஸ் சுவாமிகள்தான்! 1910-ல் சுவாமிகள் தொடங்கிய சமரச சன்மார்க்க நாடக சபையில் அந்தப் பிள்ளைகள் பாடம் கேட்டார்கள்.

பையன்கள் நடித்த நாடகக் கம்பெனிகளில் எல்லோரும் பயந்த ஒரு சொல் உண்டு. மகரக்கட்டு! மீசை முளைக்கும் வயதில் குரல் உடைவதைத்தான் அப்படிச் சொல்வார்கள். நேற்று வரை கைதட்டல் வாங்கிய பையனின் பிழைப்பே அதோடு போய்விடும். கிட்டப்பா பெரியவர் ஆன பிறகும் அவர் குரல் உச்சத்திலேயே நின்றது.

ஹார்மோனியத்தின் கட்டைக் கணக்கில் ஆண்கள் பெரும்பாலும் ஒன்று, ஒன்றரை, இரண்டு என்று பாடுவார்கள். பெண்கள் ஐந்து கட்டையை ஒட்டிப் பாடுவார்கள். கிட்டப்பாவோ, கே.பி.சுந்தராம்பாள் பாடிய சுருதியிலேயே அவருக்கு ஈடு கொடுத்துப் பாடினார். மைக் இல்லாத காலம் அது. கடைசி வரிசையில் மணலில் உட்கார்ந்திருந்தவன் காதிலும் பாட்டு விழ வேண்டும். அதற்கு அந்தக் குரல்தான் உதவியது. ஜனங்கள் சிரித்தார்களா? வண்டி கட்டிக்கொண்டு அல்லவா வந்தார்கள்!

1933 டிசம்பரில் கிட்டப்பா காலமானார். வயது இருபத்தேழுதான். பிறகு சோழவந்தான் டி.ஆர்.மகாலிங்கம் அதே பாணியில் பாடி, 1945-ல் 'ஸ்ரீவள்ளி' படத்தில் புகழ் பெற்றார். மைக் வந்தது. தாழ்ந்த குரலே போதும் என்று ஆயிற்று. போகப் போக, ஆண் என்றால் இப்படித்தான் பாட வேண்டும் என்று நாமே ஒரு சட்டம் போட்டுக்கொண்டோம்.

இங்கிலாந்தில் ஆல்பிரட் டெல்லர் என்று ஒருவர் இருந்தார். 1912-ல் பிறந்தவர். கான்டர்பரி மாதா கோவிலில் பாடியவர். தாடி வைத்த மனிதர், பிள்ளை குட்டிக்காரர். பாடினாலோ பெண் குரல் போல உயரும். அந்த நாட்டில் அதற்குக் கவுண்டர்டெனர் என்று பெயர். 1695-ல் இறந்துபோன பர்செல் என்ற இசை மேதையின் பாட்டுகளை அந்தக் குரலில் டெல்லர் பாடப் பாட, பழைய சங்கீதத்துக்கே மறுபடி உயிர் வந்தது. 1960-ல் பிரிட்டன் என்ற இசையமைப்பாளர் தம் இசை நாடகத்தில் தேவதைகளின் ராஜா வேடத்தை அவருக்காகவே எழுதினார். டெல்லரின் மகன் மார்க்கும் அதே குரலில் பாடிப் பெயர் எடுத்தார்.

ஒரு வித்தியாசத்தையும் சொல்லிவிட வேண்டும். டெல்லர் பாடியது கள்ளக் குரல். அதைப் பழக்கிப் பழக்கி அழகாக்கினார். கிட்டப்பா பாடியது தொண்டையைத் திறந்து முழுக்குரலில். என்னைக் கேட்டால் கிட்டப்பா பாடியதுதான் கஷ்டம் என்பேன். சொந்த ஊர்க்காரர் என்ற பாசமும் அதில் கொஞ்சம் இருக்கலாம்!

இன்னொன்றும் கேளுங்கள். சுந்தராம்பாள் 1935-ல் 'பக்த நந்தனார்' படத்தில் ஆண் வேடம் போட்டார். அதற்கு ஒரு லட்சம் ரூபாய் சம்பளம்! பெண் ஆணாக நடித்தால் லட்ச ரூபாய் கொடுப்போம். ஆண் கொஞ்சம் உயர்த்திப் பாடினால் கேலி செய்வோம். இது என்ன நியாயம்?

அடுத்த கொடைக்கும் அந்தப் பையனையே கூப்பிடுங்கள். 'வள்ளி திருமண'த்தில் வேலன் வேடம் கொடுங்கள். ஹார்மோனியக்காரரே, அவனுக்காகக் கட்டையை இறக்கிவிடாதீர்கள்!