பேக்டு பீன்ஸ்: டின்னும் வேணாம், ஓவனும் வேணாம்

டிஸ்கி: இது சமையல் குறிப்பு மாதிரி தெரியும். ஆனா சமையல் குறிப்பு இல்லை. குறிப்பு மட்டும் போதும்னு நினைக்கிறவங்க நேரா நடுவுல இருக்கற "செய்முறை"க்குப் போயிடுங்க. திட்டணும்னு வந்தவங்க மட்டும் முழுசா படிங்க :-)

ஓசூர் சூப்பர் மார்க்கெட்டுகள்ல இப்பல்லாம் பேக்டு பீன்ஸ் டின் கிடைக்குது. பெங்களூரு பக்கத்துலயே இருக்கறதால அங்க ஓட்டல் பஃபேல காலை டிபனுக்கு வைக்கறது நம்ம ஊர் அலமாரிக்கும் வந்தாச்சு. அதை வாங்கறவங்க சொல்ற காரணம் ஒண்ணுதான்: "டைம் இல்லைங்க, சட்டுனு ஆயிடும்." இந்த "டைம் இல்லை"யைப் பத்திதான் எனக்குச் சொல்ல வேண்டியது இருக்கு.

முதல்ல டின்னுக்குள்ள என்ன இருக்குன்னு பார்ப்போம். பேக்டு பீன்ஸோட பூர்வீகம் அமெரிக்கா. அங்க பாஸ்டன் பக்கம் வெள்ளைப் பயறை வெல்லப்பாகும் உப்புப் போட்ட பன்றிக்கறியும் சேர்த்து மண்சட்டியில வச்சு மணிக்கணக்கா அடுப்புக்குள்ள வேக விடுவாங்க. 1895ல ஹெய்ன்ஸ் கம்பெனி தக்காளி சாஸ் ஊத்தின பயறை டின்ல அடைச்சு விக்க ஆரம்பிச்சுது. அப்புறம் இங்கிலாந்துக்காரன் அதை டோஸ்ட் மேல கொட்டி, தன்னோட தேசிய உணவு ரேஞ்சுக்குக் கொண்டு போயிட்டான். இதுல வேடிக்கை என்னன்னா, இன்னிக்கு டின்ல வர்ற பேக்டு பீன்ஸ் பொதுவா "பேக்" பண்றதே இல்லை. பயறை லேசா வெந்நீர் காட்டி, சாஸ் ஊத்தி, டின்னை மூடி, உள்ளேயே நீராவியில வேக வைக்கறாங்க. அதாவது நம்ம குக்கர் சமாச்சாரம்தான்! ஓவன் இல்லையேன்னு கவலைப்படறவங்க இதோட கவலையை விட்டுடலாம்.

அந்த டின்ல பாதிக்குச் சற்று மேலதான் பயறு. மிச்சம் சாஸ். 100 கிராமுக்குச் சுமாரா 5 கிராம் புரதம், கிட்டத்தட்ட அதே அளவு சர்க்கரை. தப்பான சாப்பாடுன்னு சொல்ல வரலை. புரோட்டாவையும் குருமாவையும் விட நல்லதாவே இருக்கலாம். ஆனா அந்த விலைக்கு ஒரு கிலோ மொச்சை வாங்கற ஊர்ல உக்காந்துகிட்டு அதை வாங்கணுமாங்கறதுதான் கேள்வி.

ஊர்னு சொன்னதும் ஒரு கொசுறு. நம்ம ஜூஜுவாடியைத் தாண்டினா அத்திப்பள்ளி, அப்படியே போனா பெங்களூரு. அந்தப் பெங்களூருக்கே "பெந்த காளு ஊரு", அதாவது வெந்த பயறு ஊருன்னுதான் பேர்னு ஒரு கதை உண்டு. 12ம் நூற்றாண்டுல ஹொய்சள ராஜா வீர பல்லாளன் வேட்டைக்குப் போய் வழி தவறி நின்னப்போ, ஒரு பாட்டி அவருக்கு வேக வைச்ச பயறு கொடுத்தாங்களாம். சரித்திரம் இதை ஒத்துக்கலை. ஓசூர் ரோட்டுல இருந்து உள்ள தள்ளி இருக்கற பேகூர் கோயில் நடுகல்லுல, கி.பி. 890 வாக்குலயே "பெங்களூரு"ங்கற பேர் இருக்கு. ராஜாவுக்கு முந்நூறு வருஷம் முன்னாடி! கதை பொய்யா இருக்கலாம். ஆனா பசிச்சு வந்தவனுக்குச் சட்டுனு கொடுக்க வீட்டுல என்ன இருக்கும்னு யோசிச்ச யாரோ ஒருத்தருக்கு, வெந்த பயறுதான் ஞாபகம் வந்திருக்கு. நம்ம பகுதியோட ஒரிஜினல் ஃபாஸ்ட் ஃபுட் அதுதான்.

இன்னிக்கும் மார்கழி, தை மாசம் கிருஷ்ணகிரி, ஓசூர் சந்தைப் பக்கம் போய்ப் பாருங்க. அவரை குவிஞ்சு கிடக்கும். உரிச்ச கொட்டை தனியா, ஊற வச்சுத் தோல் பிதுக்கின பிதுக்கம்பருப்பு தனியா. கன்னடக்காரங்க அவரேக்காளுன்னு கொண்டாடி, பெங்களூரு வி.வி.புரத்துல மேளா வச்சு, அவரைல தோசையில இருந்து ஜிலேபி வரைக்கும் போட்டாங்க. நம்ம பக்கம் களிக்குப் பிதுக்கம்பருப்புக் குழம்புன்னா அன்னிக்கு வீட்டுல யாரும் லேட்டா வர மாட்டாங்க.

இதெல்லாம் கொசுவத்தி. மேட்டருக்கு வருவோம்.

சிப்காட் வந்ததுல இருந்து இந்த ஊர் ஷிப்டுலதான் ஓடுது. லைன் வீட்டுல ஒரு ரூம்ல நாலு பேர். ஒருத்தர் ஏ ஷிப்ட், ஒருத்தர் பி ஷிப்ட், இன்னொருத்தர் நைட். தெக்கத்திப் பசங்க, வட மாநிலத்துப் பசங்க, இப்போ எலக்ட்ரானிக்ஸ் கம்பெனிகளுக்கு வந்திருக்கற பெண் பிள்ளைங்க. இவங்கள்ல பாதிப் பேர் ராத்திரி சாப்பாடு பேக்கரி பன்னும் டீயும், இல்லைன்னா புரோட்டா. கேட்டா அதே பதில், "டைம் இல்லைண்ணா." எட்டு மணி நேரம் நின்னுட்டு வர்றவங்க உடம்புக்குப் புரதம் வேணும். அதுக்கு மைதா மட்டும் பத்தாது.

என் கருத்து என்னன்னா, சமையல்ல நேரம்னு நாம கணக்கு போடறதே தப்பு. பயறு எட்டு மணி நேரம் ஊறணும்னா, "அய்யோ எட்டு மணி நேரமா!"ங்கறோம். அந்த எட்டு மணி நேரம் பயறோட நேரம், நம்ம நேரம் இல்லைங்க. நீங்க ஷிப்டுக்குக் கிளம்பறப்போ ஊறப் போட்டா, அதுவும் கூடவே ஒரு ஷிப்ட் பாக்குது. திரும்பி வர்றப்போ ரெடி. அடுப்புகிட்ட நாம நிக்கற நேரத்தை மட்டும் கூட்டுங்க, இருபது நிமிஷம் தாண்டாது. புரோட்டாக் கடைல பார்சலுக்கு நிக்கற நேரம்!

நம்ம லைன்ல வட மாநிலத்துப் பசங்க இதைச் சத்தமே இல்லாம செய்யறாங்க. வேலைக்குப் போறப்போ ராஜ்மாவோ கொண்டைக்கடலையோ கிண்ணத்துல தண்ணி ஊத்தி மூடி வச்சிட்டுப் போவாங்க. வந்ததும் குக்கர் ஏறும். நாமதான் அவரை விளையற மண்ணுல உக்காந்துகிட்டு பன்னைப் பிச்சுத் தின்னுட்டு இருக்கோம்.

செய்முறை (மூணு நாலு பேருக்கு)

வெள்ளை மொச்சை இல்லைன்னா ராஜ்மா ஒரு டம்ளர், அதாவது 200 கிராம். ஒரு ஸ்பூன் உப்புப் போட்ட தண்ணியில எட்டு மணி நேரம் ஊறட்டும். உப்புப் போட்டா வேகாதுன்னு சொல்வாங்க, நம்பாதீங்க. ஊறற தண்ணியில உப்பு இருந்தா தோல் இன்னும் மெத்துனு ஆகும். ஊறின தண்ணியைக் கட்டாயமா கொட்டிடுங்க. காஞ்ச மொச்சைக்கு அது நல்லது, வயித்துல நடக்கற கச்சேரியும் குறையும் :-)

புதுத் தண்ணி ஊத்தி குக்கர்ல வைங்க. மொச்சைக்கு நாலு விசில், ராஜ்மாவுக்கு அஞ்சாறு. தை மாசத்துப் பச்சை அவரைக்கொட்டைன்னா ஊறவே வேணாம், ரெண்டு விசில் போதும். ஊறப் போட மறந்துட்டீங்களா? தட்டைப்பயறு எடுங்க. ஒரு மணி நேரம் ஊறினா போதும், மூணு நாலு விசில்ல வெந்துடும்.

அது வேகற நேரத்துல கடாயில ரெண்டு ஸ்பூன் எண்ணெய், ஒரு வெங்காயம், நாலு பல் பூண்டு வதக்கி, நாலு தக்காளியைப் பொடியா நறுக்கிப் போடுங்க. ராயக்கோட்டைத் தக்காளி மலிவா கிடைக்கற நாள்ல ஆறு போடுங்க, விவசாயிக்கும் புண்ணியம். மிளகாய்த்தூள் ஒரு ஸ்பூன், மிளகு கொஞ்சம், கடுகைப் பொடிச்சு கால் ஸ்பூன், சுண்டைக்காய் அளவு வெல்லம், உப்பு. தக்காளி கரைஞ்சதும் வெந்த பயறைப் போட்டு, ஒரு கரண்டி பயறை மட்டும் மசிச்சு விட்டு, சின்னத் தீயில பத்து நிமிஷம். சாஸ் பயறைப் பிடிச்சுக்கும். அவ்வளவுதான், பேக்டு பீன்ஸ். பிரெட்டுக்கும் ஆகும், சப்பாத்திக்கும் ஆகும், களிக்கு இன்னும் பிரமாதம்.

இதுல மூணு விஷயம் முக்கியம்.

ஒண்ணு, தக்காளியைக் குக்கர்ல பயறோட சேர்த்துப் போடாதீங்க. புளிப்பு பட்டா பயறு சீக்கிரம் மெத்துனு ஆகாது. வெந்த பிறகுதான் புளிப்பு.

ரெண்டு, தண்ணி. போர் தண்ணி கடினமா இருந்தா அதுல இருக்கற சுண்ணாம்புச் சத்து தோலை இறுக்கிடும். எத்தனை விசில் விட்டாலும் கல்லு மாதிரி இருக்கும். ஃபுளோரைடு பிரச்சினைக்காக 2013ல வந்த ஒகேனக்கல் தண்ணி உங்க தெருவுக்கு வருதுன்னா அதுல வேக வைங்க. வழியே இல்லைன்னா ஒரு சிட்டிகை ஆப்பசோடா.

மூணு, இது விளையாட்டு இல்லை. ராஜ்மாவை அரைவேக்காடா சாப்பிடக் கூடாது. பச்சை ராஜ்மாவுல லெக்டின்னு ஒரு நச்சு இருக்கு, வாந்தி பேதி கொண்டு வரும். நல்லா தளதளன்னு கொதிச்சாத்தான் அது போகும், மிதமான சூடு பத்தாது. ரூம்ல எலக்ட்ரிக் கெட்டில்ல வெந்நீர் போட்டு அதுலயே ராஜ்மாவை ஊற வச்சு சாப்பிடற பரிசோதனை எல்லாம் வேணாம். குக்கர்தான் பாதுகாப்பு.

சரி, இப்போ திட்டு வாங்கற பகுதி.

"டைம் இல்லை"ன்னு நிஜமாவே சொல்ற உரிமை யாருக்கு இருக்குன்னு பார்த்தா, கம்பெனில ஒரு ஷிப்ட் முடிச்சுட்டு வீட்டுல ரெண்டாவது ஷிப்ட் பாக்கற பொம்பளைங்களுக்குத்தான். ஆனா அவங்க அதைச் சொல்றதே இல்லை. சொல்றது யாருன்னா, சாவியை மாட்டிட்டு சோபால உக்கார்ற நாம. பயறு ஊறப் போடறதுக்கு என்ன திறமை வேணும்? டப்பாவைத் திறக்கணும், ஒரு டம்ளர் கொட்டணும், தண்ணி ஊத்தணும். அரை நிமிஷம். இதை நாள் தவறாம ஞாபகம் வச்சுக்கறதுதான் வீட்டுச் சமையலோட பாதி பாரம். அந்த ஞாபகத்தை மொத்தமா ஒருத்தர் தலையில ஏத்திட்டு, நாம "சட்டுனு ஏதாவது பண்ணிக் கொடு"ங்கறோம். அந்த "சட்டுனு"க்குப் பின்னாடி முந்தின நாள் ராத்திரி யாரோ ஒருத்தர் யோசிச்சிருக்காங்க.

சந்தையில பிதுக்கம்பருப்பு வாங்கறப்போவும் இதே கதைதான். நமக்கு அது பத்து நிமிஷத்துல வேகற பருப்பு. ஆனா தண்ணியில விரல் ஊறிப்போய் ஒவ்வொரு கொட்டையா பிதுக்கின அம்மாவுக்கு அது ஒரு பொழுது. அங்க போய் பேரம் பேசாதீங்க சாமி.

"தனியா இருக்கறவனுக்கு இதெல்லாம் எதுக்கு, வாங்கிச் சாப்பிட்டுப் போலாமே"ன்னு சிலர் கேப்பாங்க. தனியா இருக்கறவங்களுக்குத்தான் இது முக்கியம். வெந்த பயறை ஃபிரிட்ஜ்ல வச்சா ரெண்டு மூணு நாள் தாங்கும். இன்னிக்கு பேக்டு பீன்ஸ், நாளைக்கு சுண்டல், மறுநாள் குழம்பு. ஒரு தடவை ஊறப் போட்டா மூணு வேளை. ஊற வச்ச பயறு சீக்கிரம் வேகறதால சின்ன சிலிண்டரும் கொஞ்ச நாள் கூட வரும்.

ஆக, டின் வாங்கறவங்களைக் குத்தம் சொல்லலை. வாங்கிட்டுப் போங்க. ஆனா "டைம் இல்லாததால வாங்கறேன்"னு மட்டும் சொல்லாதீங்க. ஊறப் போட ஞாபகம் இல்லைன்னு சொல்லுங்க, ஒத்துக்கறேன். அதுக்கு வழி, செருப்பு மாட்டறதுக்கு முன்னாடி ஒரு டம்ளர் பயறு.

உங்க ஊர்ல மொச்சையை எப்படிச் செய்வீங்கன்னு பின்னூட்டத்துல போடுங்க. கருவாடு சேர்த்துச் செய்யற தெக்கத்திக்காரங்களுக்குத் தனி வரவேற்பு உண்டு. ஆம்பளைங்க பின்னூட்டம் போடறதுக்கு முன்னாடி இன்னிக்கு ராத்திரி ஏதாவது ஊறப் போட்டாச்சான்னு ஒரு தடவை சமையல்கட்டை எட்டிப் பாத்துட்டு வாங்க :-)