அவகாசம் கொடுத்துவிட்டு அபராதமா?

கொரோனா ஊரடங்கில் வங்கிக் கடன் கட்ட முடியாமல் தவித்தவர்கள் தொடர்பாக உச்சநீதிமன்றம் 2021-ல் ஒரு தீர்ப்பு வழங்கியது. அந்தத் தீர்ப்பில் என்ன கிடைத்தது என்று கேட்டுப் பாருங்கள். 'வட்டியைத் தள்ளுபடி செய்துவிட்டார்கள்' என்பார் ஒருவர். 'ஒன்றுமே கிடைக்கவில்லை' என்பார் இன்னொருவர். இரண்டுமே தவறு.

நடந்தது இதுதான். 2020 மார்ச் 27 அன்று, மூன்று மாதத் தவணைகளைத் தள்ளிவைக்க ரிசர்வ் வங்கி அனுமதி கொடுத்தது. பிறகு அதை ஆகஸ்ட் 31 வரை நீட்டித்தது. கடையைப் பூட்டிவிட்டு வீட்டில் முடங்கியவர்களுக்கு மூச்சுவிட நேரம் கிடைத்தது. ஆனால் வட்டி மட்டும் ஊரடங்கில் முடங்கவில்லை! கட்டாத வட்டி அசலோடு சேர்ந்தது. அதற்கும் வட்டி ஏறியது. இதற்குப் பெயர் அவகாசமா?

இதை எதிர்த்து ஆக்ராவைச் சேர்ந்த ஒரு சிறு வியாபாரி உச்சநீதிமன்றம் சென்றார். தொழில் அமைப்புகளும் வழக்குத் தொடுத்தன. 2020 அக்டோபரில் மத்திய அரசு இறங்கி வந்து, 2 கோடி ரூபாய் வரை கடன் பெற்றவர்களுக்கு மட்டும் கூட்டு வட்டிக்கும் தனி வட்டிக்கும் உள்ள வித்தியாசத்தைத் தருவதாக அறிவித்தது. 2021 மார்ச் 23 அன்று இறுதித் தீர்ப்பு வந்தது. முழு வட்டித் தள்ளுபடி கிடையாது. கூடுதல் அவகாசமும் கிடையாது. ஆனால் அந்த ஆறு மாதத்திற்கு வட்டிக்கு வட்டியோ அபராத வட்டியோ எந்தக் கடனாளியிடமும் வாங்கக் கூடாது. வாங்கியிருந்தால் திருப்பித் தர வேண்டும் அல்லது அடுத்த தவணையில் கழிக்க வேண்டும். 2 கோடி என்ற வரம்புக்கும் நியாயமில்லை என்று நீதிமன்றம் கூறிவிட்டது.

கணக்குப் போட்டுப் பாருங்கள். 10 லட்ச ரூபாய் கடன், ஆண்டுக்கு 12 சதவீத வட்டி என்றால் ஆறு மாதத் தனி வட்டி 60,000 ரூபாய். மாதாமாதம் கூட்டினால் 61,520 ரூபாய். ஓராண்டு வழக்காடிக் கிடைத்தது 1,520 ரூபாய்தான்! 60,000 ரூபாய் கடனாளியின் தலையிலேயே நின்றது.

அப்படியானால் தீர்ப்பு வீணா? இல்லை. அனுமதி பெற்றுத் தவணையைத் தள்ளிவைத்தவன் ஏமாற்றுக்காரன் அல்லன், அவனைத் தண்டிக்கக் கூடாது என்ற நியாயத்தை அது நிலைநாட்டியது. அபராதத்தை வட்டியோடு சேர்க்கக் கூடாது, அபராதத்தின் மீது வட்டி போடக் கூடாது என்று 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கியும் உத்தரவிட்டது.

மீதி 60,000 ரூபாய்க்கு யாரிடம் கேட்பது? வட்டி அதிகம் என்ற காரணத்துக்காக வங்கிக் கணக்கை நீதிமன்றம் திறந்து பார்க்க முடியாதபடி, வங்கி ஒழுங்குமுறைச் சட்டத்தின் 21ஏ பிரிவு தடுக்கிறது. டெபாசிட் போட்டவர்களுக்கு வங்கி வட்டி கொடுத்தாக வேண்டும் என்பதும் உண்மைதான். எனவே பேரிடர்க் காலத்தில் சிறு கடனாளியின் வட்டியை அரசுக் கருவூலம் ஏற்க வேண்டும். அதற்கான சட்டத்தை இயற்ற வேண்டியது நாடாளுமன்றம்.

வட்டி ஹராம் என்பதில் நமக்கு இரு கருத்து இல்லை. அதற்காக, அதில் சிக்கியவனின் துயரம் நமக்கெதற்கு என்று ஒதுங்கலாமா? சிரமப்படும் கடனாளிக்கு அவகாசம் கொடுக்கச் சொல்லும் மார்க்கம் அல்லவா நம்முடையது!

எனவே சகோதரர்களே! கடன் கணக்கு விவரத்தை வங்கியில் கேட்டு வாங்குங்கள். தவறு இருந்தால் எழுத்து மூலம் புகார் கொடுங்கள். 30 நாளில் பதில் இல்லையென்றால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் செல்லுங்கள், கட்டணம் கிடையாது. சொத்தை எடுப்பதாக சர்பாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் வந்தால் பயந்து ஒளியாதீர்கள். ஆட்சேபணையை உடனே எழுதிக் கொடுங்கள். பதில் சொல்வது வங்கியின் கடமை. உங்கள் தொகுதி எம்.பி. வாக்குக் கேட்டு வரும்போது, அந்த 60,000 ரூபாயைப் பற்றிக் கேளுங்கள்!