நெய்தலை நடந்து கற்றவர்

நெய்தல் திணையை வகுப்பில் நடத்தும்போதெல்லாம் என்னுள் ஒரு நாணம் எழுவதுண்டு. தச்சநல்லூரில் வாழும் நான், நம் பொருநை புன்னைக்காயலில் கடலொடு கலப்பதை அறிவேன். ஆயின், அக்கரைவாழ் உயிர்களுள் பத்தின் பெயரை அறியேன். முதல், கரு, உரி என ஒப்பிக்கும் நாம், கருப்பொருளைக் கண்ணாற் கண்டதுண்டா?

கண்டவர் ஒருவர் இருந்தார். அவர் சதீஷ் பாஸ்கர். சென்னை ஐ.ஐ.டி.யில் பொறியியல் பயில வந்தவர், அப்படிப்பை இடையில் துறந்து கடற்கரையை நாடினார். ரோமுலஸ் விட்டேகர் தோற்றுவித்த சென்னைப் பாம்புப் பண்ணையின் களப்பணியாளராகி, 1970களில் தொடங்கி, கடலாமைகள் முட்டையிடும் கரைகளைத் தேடி நடந்தார். மன்னார் வளைகுடா, இலட்சத்தீவுகள், அந்தமான் நிக்கோபார் எனச் சுமார் 4,000 கிலோமீட்டர் கடற்கரையை அவர் கால்கள் அளந்தன.

1982ஆம் ஆண்டு மழைக்காலத்தில், பேராமைகளை ஆராய, ஆளற்ற சுஹேலித் தீவில் மாதக்கணக்காகத் தனித்திருந்தார். கடல் கொந்தளிக்கும் அப்பருவத்தில் படகும் வாராது, அஞ்சலும் இல்லை. மனைவிக்கு எழுதிய மடலைக் குப்பியில் அடைத்துக் கடலில் விட்டார். இலங்கைக் கரையில் அதனைக் கண்டெடுத்த மீனவர் ஒருவர், உரியவருக்கு அனுப்பிவைத்தார். 2023இல் பாஸ்கர் மறைந்தார். மறுஆண்டு அவரைப் பற்றிய ஆவணப்படம் வெளிவந்தது. அதற்குமுன் நம்முள் எத்தனை பேர் அவர் பெயரைக் கேட்டிருந்தோம்?

நம் பிள்ளைகள் ஆப்பிரிக்கச் சிங்கத்தைத் தொலைக்காட்சி வாயிலாக நன்கறிவர். டேவிட் அட்டன்பரோ போன்றார் தம் மொழியில் தம் மக்களுக்கு இயற்கையை எடுத்துரைத்தனர். நம் கடலை நம் மொழியில் எடுத்துரைப்பார் மிகச் சிலரே. ஆதலின் நம் பங்குனி ஆமை, செய்திகளில் ‘ஆலிவ் ரிட்லி’ என்றே பெரிதும் வழங்குகிறது.

“இஃது விலங்கியல் துறையின் பணியன்றோ?” என வினவுவார் உளர். எண்ணிக் கணக்கிடுதல் அவர்தம் பணி. பெயரைக் காத்தல் தமிழ்த்துறையின் பணி. பங்குனி ஆமை என்னும் பெயரிலேயே பருவம் உள்ளது. ஏழுவரி ஆமை என்பதில் அதன் முதுகின் அமைப்பு உள்ளது. பேராமை, அழுங்காமை, பெருந்தலை ஆமை ஆகியனவும் மீனவர் நாவில் வாழும் சொற்களே. சொல் மறையின் அச்சொல்லொடு பிணைந்த அறிவும் மறையும்.

ஒருகாலத்தில் தூத்துக்குடியில் ஆமை வாணிகம் செழித்திருந்தது. 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் பின்னர் கடலாமைகளுக்கும் காவலாயிற்று. ஆயினும், 2025 தொடக்கத்தில் சென்னையை ஒட்டிய கரைகளில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட பங்குனி ஆமைகள் இறந்து ஒதுங்கின. இழுவலையில் சிக்கும் ஆமை மேலெழுந்து மூச்சுவிட இயலாமல் மாள்கிறது. சட்டம் தண்டிக்கலாம், பரிவை ஊட்டாது. பெயர் தெரியாத உயிர்க்காக எவர் வருந்துவார்?

எனவே மாணவச் செல்வங்களுக்கு ஒரு வேண்டுகோள். ஆண்டுக்கொருமுறையேனும் புன்னைக்காயல், காயல்பட்டினம், மணப்பாடு ஆகிய ஊர்களுக்குச் செல்லுங்கள். கடலோடிய பெரியவர்களை அணுகி, மீன், பறவை, ஆமை, காற்று, நீரோட்டம் ஆகியவற்றின் பெயர்களைக் கேட்டு எழுதுங்கள். அவர்கள் பேச்சைக் கைப்பேசியிலேயே படம்பிடிக்கலாம், பெருஞ்செலவு வேண்டா. நாளை தொலைக்காட்சியில் கடலைத் தமிழில் எடுத்துரைப்பவர் உங்களுள் ஒருவராகவும் இருக்கலாம். சமுதாயப் பெரியோர் இப்பயணத்திற்குத் துணைநிற்க வேண்டும். அடுத்த மலர் வெளிவருமுன் அப்பெயர்த்தொகுப்பு நம் துறையின் கையில் இருத்தல் வேண்டும் என்பதே என் அவா.