மூடும் பொத்தானைத் தேடும் விரல்கள்

பள்ளிக்கூட வாசலை மிதிக்காத குழந்தைகூட டேப்லெட்டில் ஒரு குறியைத் தெரிந்துவைத்திருக்கிறது. திரையின் மூலையில் வரும் பெருக்கல் குறிதான் அது. பலூன் உடைக்கும் விளையாட்டில் இரண்டு கட்டம் தாண்டியதும் திரை முழுவதும் வேறொரு விளையாட்டின் விளம்பரம் வந்து நிற்கும். ஐந்து, நான்கு, மூன்று என்று எண்கள் இறங்கும். பிறகு மங்கலான நிறத்தில், விரல்நுனியைவிடச் சிறியதாக அந்தக் குறி முளைக்கும். தொட்டால் விளம்பரம் மூடிவிடும் என்று குழந்தை நம்புகிறது. பல நேரம் திறப்பது செயலிக் கடை. அங்கிருந்து திரும்பி வந்தால், எதிர் மூலையில் இன்னொரு பெருக்கல் குறி காத்திருக்கும்.

இந்த அலைக்கழிப்புக்குப் பின்னால் ஒரு வரவு செலவுக் கணக்கு இருக்கிறது. இலவச விளையாட்டைத் திறந்த நொடியில், அதற்குள் பொதிந்திருக்கும் விளம்பர நிறுவனத்தின் நிரல்துண்டு தன் சர்வருக்குத் தகவல் அனுப்புகிறது: எந்தக் கருவி, எந்த விளையாட்டு, என்ன விளம்பர அடையாள எண். கண்ணிமைக்கும் நேரத்துக்குள் ஏலம் முடிந்து, வென்றவரின் விளம்பரம் திரைக்கு வந்துவிடும். விளம்பரம் கண்ணில் பட்டால் விளையாட்டை உருவாக்கியவருக்குச் சிறு தொகை. அதில் காட்டிய விளையாட்டை யாராவது பதிவிறக்கிக்கொண்டால் பல மடங்கு. மூடும் குறி சின்னதாக இருப்பதில் இந்தச் சங்கிலியில் யாருக்கும் நஷ்டமில்லை, விளையாடும் குழந்தையைத் தவிர.

அமெரிக்காவின் மிச்சிகன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2018-இல் ஐந்து வயதுக்கு உட்பட்டவர்கள் பயன்படுத்தும் 135 செயலிகளை எடுத்து, ஒவ்வொன்றையும் விளையாடிப் பார்த்தார்கள். 95 சதவீதச் செயலிகளில் ஏதோ ஒரு வடிவத்தில் விளம்பரம் இருந்தது. இலவசச் செயலிகளில் ஒன்றுகூடத் தப்பவில்லை. காசு கொடுத்து வாங்கியவற்றிலும் பெரும்பாலானவற்றில் விளம்பரம் இருந்தது. ‘கல்வி’ என்று பெயர்ப்பலகை மாட்டிய செயலிகளும் இதில் மற்றவற்றுக்குச் சளைக்கவில்லை. ஆட்டத்தை நிறுத்தி ஓடும் வீடியோவை மட்டும் அவர்கள் விளம்பரம் என்று எண்ணவில்லை. பூட்டு போட்ட பொம்மையைக் காட்டி ஆசை மூட்டுவது, வாங்காமல் வெளியேறினால் கார்ட்டூன் பாத்திரம் கண்ணீர் விடுவது போன்றவையும் அந்தக் கணக்கில் உண்டு. மூன்று வயதுக் குழந்தையின் முன்னால் ஒரு பொம்மையை அழவைத்து வியாபாரம் செய்ய ஒருவர் உட்கார்ந்து யோசித்திருக்கிறார் என்பதுதான் இதில் எரிச்சலூட்டுகிறது.

விளம்பரம் என்பது நம்மை வாங்கவைக்கச் செய்யும் முயற்சி என்ற தெளிவு எட்டு வயதுக்கு உட்பட்ட குழந்தைகளுக்கு வருவதில்லை. அமெரிக்க உளவியல் சங்கம் அமைத்த குழு இதை 2004-லேயே சொல்லி, அந்த வயதினரைக் குறிவைக்கும் விளம்பரங்களைக் கட்டுப்படுத்தச் சொன்னது. தொலைக்காட்சிக் காலத்திலேயே சில நாடுகள் செயலிலும் இறங்கின. கனடாவின் கியூபெக் மாகாணம் 1980-இல் 13 வயதுக்கு உட்பட்டவர்களை நோக்கிய வணிக விளம்பரங்களைத் தடை செய்தது. பொம்மை நிறுவனம் ஒன்று ‘எங்கள் கருத்துரிமை போகிறது’ என்று நீதிமன்றம் ஏறியது. கருத்துரிமைக்கு இது ஒரு கட்டுப்பாடுதான், ஆனால் குழந்தைகள் எளிதில் வசப்படக்கூடியவர்கள் என்பதால் நியாயமான கட்டுப்பாடு என்று 1989-இல் கனடா உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. சுவீடனும் 1991 முதல் 12 வயதுக்கு உட்பட்டவர்களுக்கான தொலைக்காட்சி விளம்பரங்களை அனுமதிப்பதில்லை. திரை சுவரிலிருந்து மடிக்கு இறங்கியதும் பெரும்பாலான நாடுகளில் இந்தக் கவலை எப்படியோ வீட்டுக்காரர் பொறுப்பாகிவிட்டது.

வீட்டுக்காரர் என்ன செய்ய முடியும்? எளிய வழி விமானப் பயன்முறை. இணையம் இல்லாமலே ஓடக்கூடிய விளையாட்டு என்றால், அதை அழுத்திவிட்டுக் கையில் கொடுத்தால் போதும். புதிய விளம்பரம் வந்து சேர வழியிருக்காது. இதை மோப்பம் பிடித்த சில விளையாட்டுகள் ‘இணையத்தை இணைக்கவும்’ என்று சொல்லி நின்றுவிடுகின்றன. தனியாள் ஆடும் ஒரு புதிர் விளையாட்டு இணையம் கேட்டு அடம்பிடித்தால், அதை அழித்துவிட யோசிக்க வேண்டியதில்லை.

இரண்டாவது வழி கொஞ்சம் நுட்பமானது. 2018-இல் வந்த ஆண்ட்ராய்டு 9 முதல் அமைப்புகளில் ‘பிரைவேட் டிஎன்எஸ்’ என்று ஒரு வசதி இருக்கிறது. டிஎன்எஸ் என்பது இணையத்தின் டெலிபோன் டைரக்டரி. ஒரு தளத்தின் பெயரைச் சொன்னால் அதன் எண்ணைக் கொடுக்கும். வழக்கமான டைரக்டரிக்குப் பதிலாக, விளம்பர நிறுவனங்களின் எண்களை விட்டுவிட்டு அச்சிட்ட டைரக்டரி ஒன்றை வைத்துவிட்டால், விளம்பரம் கேட்கும் விளையாட்டுக்கு எண்ணே கிடைக்காது. அட்கார்டு போன்ற நிறுவனங்கள் இந்தச் சேவையை இலவசமாகவே தருகின்றன. அவர்கள் தரும் முகவரியைத் தட்டச்சு செய்து சேமித்தால் வேலை முடிந்தது. பட்டைகளும் முழுத்திரை விளம்பரங்களும் பெருமளவு மறைந்துவிடும்.

பெருமளவு என்றுதான் சொல்ல முடியும். யூடியூபில் வீடியோவும் விளம்பரமும் ஒரே இடத்திலிருந்து வருவதால் அங்கே இந்த வித்தை பலிக்காது. சில செயலிகள் முரண்டு பிடிக்கும். அந்தக் கருவியில் திறக்கும் தளங்களின் பெயர்களெல்லாம் டிஎன்எஸ் நடத்துபவரின் கண்ணில் படும் என்பதால், அவர் யார் என்று பார்த்துத் தேர்ந்தெடுக்க வேண்டும். இன்னொரு சிக்கலைக் குழந்தைதான் முதலில் கண்டுபிடிக்கும். ‘30 விநாடி வீடியோ பார்த்தால் ஓர் உயிர் இலவசம்’ என்று ஆசை காட்டும் பரிசு விளம்பரங்களில், வீடியோ வராவிட்டால் உயிரும் வராது. பொத்தானை அழுத்தி அழுத்திச் சலித்து, டேப்லெட் கெட்டுப்போய்விட்டது என்று அம்மாவிடம் வந்து நிற்கும். அந்தக் கட்டத்தில் பல வீடுகளில் பிரைவேட் டிஎன்எஸ் அணைக்கப்பட்டுவிடும்.

தடுக்கும் செயலி ஒன்றைக் கடையிலிருந்தே இறக்கிக்கொள்ளலாமே என்று தோன்றலாம். அந்தக் கடையை நடத்துபவர் யார் என்று பார்க்க வேண்டும். செல்போன் விளம்பர நிறுவனமான அட்மாபை 75 கோடி டாலர் கொடுத்து வாங்குவதாக கூகுள் 2009-இல் அறிவித்தது. மறு ஆண்டு அது கைக்கு வந்தது. 2013-இல், பிற செயலிகளின் விளம்பரங்களைத் தடுக்கும் ‘ஆட்பிளாக் பிளஸ்’ போன்றவற்றைத் தன் பிளே ஸ்டோரிலிருந்து கூகுள் நீக்கியது. மற்றவரின் சேவையில் குறுக்கிடக் கூடாது என்பது அதற்குச் சொல்லப்பட்ட விதி. இயங்குதளம், கடை, விளம்பர வலைப்பின்னல் மூன்றும் ஒரே கையில் இருக்கும்போது, பெற்றோரின் சார்பில் பேச அந்தக் கடையில் ஆள் இருக்கும் என்று எதிர்பார்ப்பது அதிகம்.

கூகுள் எதுவும் செய்யவில்லை என்று சொல்லிவிட முடியாது. 2022 செப்டம்பர் இறுதியில் நடைமுறைக்கு வந்த அதன் விதிப்படி, ஆட்டத்தின் நடுவே எதிர்பாராமல் முழுத்திரை விளம்பரம் குதிக்கக் கூடாது. 15 விநாடிக்குப் பிறகும் மூட முடியாத விளம்பரமும் கூடாது. ஆனால் பயனாளர் தானே விரும்பிப் பார்க்கும் பரிசு விளம்பரங்களுக்கு விலக்கு உண்டு. விரும்பிப் பார்க்கிறார் என்பது பெரியவர்களுக்குப் பொருந்தும். உயிர் போன கரடியைப் பிழைக்கவைக்க ஆறு வயதுப் பிள்ளை பொத்தானை அழுத்துவதை எந்தக் கணக்கில் விருப்பம் என்று எழுதுவது?

விளம்பரம் காட்டும் சரக்கின் நேர்மை பற்றித் தனியாகவே எழுதலாம். ஹோம்ஸ்கேப்ஸ், கார்டன்ஸ்கேப்ஸ் என்ற இரண்டு விளையாட்டுகளின் விளம்பரங்களில், ஊசிகளைச் சரியான வரிசையில் உருவி ஒரு மனிதரைக் காப்பாற்றும் புதிர் வரும். இறக்கிப் பார்த்தால் ஒரே நிறக் காய்களைச் சேர்க்கும் வழக்கமான ஆட்டம். 2020-இல் பிரிட்டனின் விளம்பரத் தர ஆணையம் அந்த விளம்பரங்கள் தவறாக வழிநடத்துகின்றன என்று தடை விதித்தது.

தயாரிப்பாளர் பக்கத்தில் நியாயம் இல்லாமல் இல்லை. விளையாட்டு எழுதுபவருக்கும் வீட்டு வாடகை இருக்கிறது. நூறு ரூபாய் கொடுத்து ஒரு விளையாட்டை வாங்கும் பழக்கம் நம் வீடுகளில் இன்னும் வரவில்லை. பிறந்தநாளுக்கு எழுநூறு ரூபாய் பொம்மை வாங்குகிறவர்கூட ‘விளம்பரத்தை நீக்க ரூ.150’ என்பதைக் கண்டால் கையை இழுத்துக்கொள்கிறார். ஃப்ளாப்பி பேர்டு என்ற விளையாட்டைத் தனியொருவராக உருவாக்கிய வியட்நாமின் டோங் நுயென், சாதாரணப் பட்டை விளம்பரங்கள் மூலமே நாளொன்றுக்கு 50,000 டாலர் வந்ததாகச் சொன்னார். 2014 பிப்ரவரியில் அவரே அதைக் கடையிலிருந்து எடுத்துவிட்டார். பெரியவர்கள் ஆடும் விளையாட்டில் விளம்பரம் இருப்பது ஓர் ஒப்பந்தம், பிடிக்காவிட்டால் விலகிக்கொள்ளலாம். அந்த ஒப்பந்தத்தில் கையெழுத்திடத் தெரியாதவர்களைப் பற்றித்தான் இங்கே பேச்சு.

காசு கொடுக்கத் தயார் என்றால் வழி இருக்கிறது. ஆப்பிள் ஆர்கேட் 2019-லும் கூகுள் பிளே பாஸ் 2022-லும் இந்தியாவுக்கு வந்தபோது மாதக் கட்டணம் 99 ரூபாய். அவற்றில் உள்ள விளையாட்டுகளில் விளம்பரம் இருக்காது. காசும் வேண்டாம், விளம்பரமும் வேண்டாம் என்பவர்களுக்கும் இடமுண்டு. கான் அகாடமி கிட்ஸ் முழுக்க இலவசம். பிரெஞ்சு மென்பொருளாளர் புரூனோ குடோயன் 2000-இல் தொடங்கிய ஜிகாம்ப்ரி என்ற திறமூலச் செயலியில் எண்ணுதல், புதிர், சதுரங்கம் என்று நூற்றுக்கும் மேற்பட்ட விளையாட்டுகள் இருக்கின்றன. சதுரங்கப் பயிற்சிக்குப் பிள்ளைகளை அனுப்பும் தமிழ்நாட்டுப் பெற்றோருக்கு லீசெஸ் என்ற பெயர் பழக்கமாகியிருக்கலாம். 2010-இல் தொடங்கி, நன்கொடையில் நடக்கும் தளம் அது. கோடிக்கணக்கான ஆட்டங்கள் நடந்தும் ஒரு விளம்பரம்கூடக் கிடையாது. இவை கடையின் முகப்பில் வந்து நிற்பதில்லை, பெயர் தெரிந்து தேடினால்தான் கிடைக்கும் என்பதுதான் குறை.

சட்டம் எங்கே நிற்கிறது? பெங்களூரைத் தலைமையிடமாகக் கொண்டு வளர்ந்த இன்மொபி என்ற விளம்பர நிறுவனம், குழந்தைகள் உட்படக் கோடிக்கணக்கானோர் இருக்கும் இடத்தை அனுமதியில்லாமல் பின்தொடர்ந்ததாக அமெரிக்காவின் மத்திய வணிக ஆணையம் குற்றம்சாட்டியது. 2016-இல் 9,50,000 டாலர் கட்ட அந்த நிறுவனம் ஒப்புக்கொண்டது. 1998-லேயே அங்கு வந்துவிட்ட குழந்தைகளின் இணையத் தனியுரிமைச் சட்டம் இதற்கு உதவியது. இந்தியாவில் 2023-இன் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டத்தின் ஒன்பதாவது பிரிவு, 18 வயதுக்கு உட்பட்டவர்களின் நடவடிக்கையைக் கண்காணிப்பதையும் அவர்களைக் குறிவைத்து விளம்பரம் செய்வதையும் தடுக்கிறது. மீறினால் 200 கோடி ரூபாய் வரை அபராதம். விதிகள் 2025 நவம்பரில் வெளியாகின. முக்கியக் கடமைகள் நடைமுறைக்கு வர 18 மாத அவகாசம் தரப்பட்டிருக்கிறது.

கடுமையான சட்டம்தான். இரண்டு ஓட்டைகள் இருக்கின்றன. நம் வீடுகளில் டேப்லெட் அப்பாவின் கணக்கில் ஓடுகிறது. விளையாடுவது ஐந்து வயது மகள் என்றாலும், விளம்பர நிறுவனத்தின் பதிவேட்டில் இருப்பவர் நாற்பது வயது ஆண். குழந்தைக்கெனத் தனிக் கணக்கைத் தொடங்கினால் அவளுக்கேற்ப விளம்பரம் பொறுக்குவது நிற்கும். அதைச் செய்யும் வீடுகள் குறைவு. அடுத்தது, சட்டம் தடுப்பது தரவை வைத்துக் குறிவைக்கும் விளம்பரத்தை மட்டுமே. யாரென்று பார்க்காமல், பலூன் ஆட்டத்தில் இரண்டு நிமிடத்துக்கு ஒருமுறை முழுத்திரை வீடியோ ஓட்டினால் இந்தச் சட்டத்துக்கு அதில் வேலையில்லை.

அதற்கான கருவி வேறோர் அலமாரியில் இருக்கிறது. நுகர்வோரை ஏமாற்றும் வடிவமைப்புத் தந்திரங்கள் 13 என்று பட்டியலிட்டு, 2023 நவம்பரில் மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் வழிகாட்டு நெறிகளை வெளியிட்டது. வேடமிட்ட விளம்பரமும் விடாமல் நச்சரிப்பதும் அந்தப் பட்டியலில் இருக்கின்றன. குழந்தைகள் பிரிவில் விற்கப்படும் ஒவ்வொரு விளையாட்டுக்கும் அந்த நெறிகளைப் பொருத்திப் பார்க்கப் புதிய சட்டம் தேவையில்லை. மூடும் குறிக்குக் குறைந்தபட்ச அளவு, முதல் தொடுகையிலேயே மூடியாக வேண்டும் என்ற கட்டாயம், எட்டு வயதுக்கு உட்பட்டோருக்கான விளையாட்டுகளில் முழுத்திரை விளம்பரத்துக்கும் பரிசு விளம்பரத்துக்கும் தடை ஆகியவற்றை ஆணையம் நேரடியாகக் கடைகளிடமே கேட்கலாம். எந்தச் செயலியை அனுமதிப்பது, எதை நீக்குவது என்ற அதிகாரம் கடைகளிடம் இருப்பதை 2013 நீக்கமே காட்டியது. பணம் வைத்து ஆடும் இணைய விளையாட்டுகளின் விளம்பரங்களுக்கு இரண்டு ஆண்டு வரை சிறை என்று 2025-இல் நாடாளுமன்றமே சட்டம் இயற்றியிருக்கிறது. தரவுப் பாதுகாப்பு விதிகளுக்கான அவகாசம் 2027 மே மாதம் முடிகிறது. இந்த வேலையைத் தொடங்க ஆணையம் அதுவரை காத்திருக்கத் தேவையில்லை.