கரிசலில் ஒரு புது நகரம்

யுத்தம் முடிந்த மறு வருஷமே, 1946-ல், புது நகரங்கள் அமைப்பதற்கென்று இங்கிலாந்து ஒரு சட்டம் செய்தது. ஸ்டீவனேஜ் அதன் தலைச்சன் பிள்ளை. நம் தேசத்தில் பிரிவினையால் வீடிழந்த ஜனங்களுக்காகப் பரீதாபாத்தும் நீலோகேரியும் எழுந்தன. லாகூரை இழந்த பஞ்சாபுக்குச் சண்டிகர் கிடைத்தது. தமிழ்நாட்டில், 1956-ல் பழுப்பு நிலக்கரி நிறுவனம் ஏற்பட்டதை ஒட்டி நெய்வேலி நகரம் பிறந்தது. நேரான வீதிகளும் இலக்கமிட்ட வட்டங்களும் கண்ணுக்கு அழகுதான். நிலத்தை விட்டு அகன்ற கிராமத்தாரின் கதை வேறு.

கோவில்பட்டியை யாரும் வரைபடம் போட்டுக் கட்டவில்லை. 1876-ல் ரயில் வந்தது. ரயிலைத் தேடிப் பருத்தி வந்தது. பருத்தியைத் தேடி ஆலை வந்தது. பிறகு தீப்பெட்டித் தொழில். இங்கும் ஒரு நெய்வேலி எழ வேண்டாமா என்று கேட்போர் உண்டு. தாராளமாக எழட்டும். ஆனால் இந்த மண்ணின் குணம் தெரிந்து எழட்டும்.

மழையில் உப்பி, வெயிலில் சுருங்கி, கை நுழையும் அளவு பிளக்கும் கரிசலில் சாதாரண அஸ்திவாரம் போட்டால் சுவர் விரிசல் காணும். ரூர்க்கியிலுள்ள மத்திய கட்டட ஆராய்ச்சி நிலையத்தார் இதற்குப் பரிகாரம் கண்டிருக்கிறார்கள்: மண் அசையாத ஆழம் வரை குழி துளைத்து, அதன் அடியைக் குடம்போல் அகலப்படுத்திக் கான்கிரீட் தூண் இறக்குவது. செலவுதான், ஆனால் வீடு நிற்கும்.

தண்ணீருக்கு அத்தகைய வித்தை எதுவும் இல்லை. பக்கத்தில் ஜீவநதி கிடையாது. தாமிரபரணி நீர் சீவலப்பேரியிலிருந்து குழாய் வழியே வந்துதான் கோவில்பட்டியின் தாகம் தணிகிறது. ஆகவே, மனை அளக்கும் சங்கிலி முதலில் கண்மாய்களின் வரத்துக்கால்களை அளக்கட்டும். அவற்றைத் தூர்த்துவிட்டு 'நகர்' என்று பலகை நாட்டும் எந்தத் திட்டத்துக்கும் சர்க்கார் அனுமதி அளிக்கலாகாது.